லீக் பாஸ் இருந்தும் மேட்ச் ஓடவில்லையா? டபிள்யூஎன்பிஏ பார்ப்பவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

அமெரிக்கப் பெண்கள் கூடைப்பந்து லீக்கான டபிள்யூஎன்பிஏவின் 2025 சீசன் ஒளிபரப்பு அட்டவணை வந்தபோது, இண்டியானா ஃபீவர் அணியின் 44 ஆட்டங்களில் 41 ஆட்டங்கள் தேசிய ஒளிபரப்புக்குப் போயிருந்தன. பெண்கள் கூடைப்பந்துக்கு இது எவ்வளவு பெரிய மாற்றம் என்பது பத்து வருடம் முன்பு இந்த லீக்கைத் தேடித் தேடிப் பார்த்தவர்களுக்குத் தெரியும். ஆனால் ஃபீவரின் நட்சத்திரம் கெய்ட்லின் கிளார்க்கைப் பார்ப்பதற்காகவே, லீக் தன் ஆட்டங்களை இணையத்தில் காட்டும் சந்தாவான டபிள்யூஎன்பிஏ லீக் பாஸ் வாங்கிய அமெரிக்க ரசிகர்கள் பலர் ஏமாந்துபோனதும் இதனால்தான். தேசிய சேனலுக்குப் போன ஆட்டம் அமெரிக்காவுக்குள் லீக் பாஸில் நேரலையாக வராது. அவர்களுக்கு நேரலையில் மிஞ்சியது விரல் விட்டு எண்ணக்கூடிய ஆட்டங்களே.

ஆகவே முதல் தவறு, பிடித்த வீராங்கனைக்காக லீக் பாஸ் வாங்குவது. ஒரு அணி எவ்வளவு பிரபலமோ, அந்த அளவுக்கு அதன் ஆட்டங்கள் லீக் பாஸில் குறையும். 2024-இல் கிளார்க்கின் முதல் சீசனிலேயே ஃபீவரின் 40 ஆட்டங்களில் 36 தேசிய ஒளிபரப்பில் இருந்தன. பணம் கட்டுவதற்கு முன் உங்கள் அணியின் அட்டவணையை எடுத்து, ஒவ்வொரு ஆட்டத்துக்கும் எதிரே எந்தச் சேனல் போட்டிருக்கிறது என்று பாருங்கள். பத்து நிமிட வேலைதான். அதைச் செய்யாமல் வாங்கியவர்கள்தான் மே மாதம் முழுவதும் கஸ்டமர் கேருக்கு எழுதிக்கொண்டிருப்பார்கள்.

இரண்டாவது தவறு இதைவிடப் பரவலானது: சொந்த ஊர் அணியைப் பார்க்க லீக் பாஸ் வாங்குவது. உங்கள் ஊரில் அந்த அணியின் ஆட்டங்களைக் காட்டும் உரிமையை உள்ளூர் சேனல் ஒன்று விலை கொடுத்து வாங்கியிருக்கும். அந்தச் சேனலின் விளம்பர வருமானத்தைக் காப்பதற்காக, அதே ஆட்டத்தை அந்தப் பகுதியில் லீக் பாஸ் மறைத்துவிடும். நியூ ஜெர்சி எடிசனில் இருப்பவருக்கு நியூயார்க் லிபர்டி, டாலஸ் பக்கம் இருப்பவருக்கு விங்ஸ், சான்ஃப்ரான்சிஸ்கோ சுற்றுவட்டாரமான பே ஏரியாவில் இருப்பவருக்கு 2025-இல் ஆடத் தொடங்கிய கோல்டன் ஸ்டேட் வால்கிரீஸ் என்று, அமெரிக்காவில் நம்மவர்கள் நிறைந்திருக்கும் ஊர்கள் பலவும் ஏதாவதோர் அணியின் எல்லைக்குள்தான் வருகின்றன. பிள்ளைகள் பள்ளி அணியில் ஆடுகிறார்கள், வார இறுதியில் சேர்ந்து உட்கார்ந்து ஊர் அணியைப் பார்க்கலாம் என்று லீக் பாஸ் வாங்கும் பெற்றோருக்கு, அந்த ஓர் அணி மட்டும்தான் நேரலையில் கிடைக்காது.

பிளாக்அவுட் எனப்படும் இந்த மறைப்பு அரசாங்கச் சட்டம் என்று நினைத்துக்கொண்டிருப்பவர்களும் உண்டு. விளையாட்டு பிளாக்அவுட்டைத் தாங்கிப்பிடித்த தன் விதியை அமெரிக்கத் தகவல்தொடர்பு ஆணையமான எஃப்சிசி 2014-லேயே நீக்கிவிட்டது. இன்று நடப்பதெல்லாம் லீக்கும் அணிகளும் சேனல்களும் தங்களுக்குள் போட்டுக்கொண்ட ஒப்பந்தம். ஒப்பந்தம் மாறினால் மறைப்பும் மாறும். அதனால் போன வருடம் எப்படிப் பார்த்தோமோ அப்படியே இந்த வருடமும் பார்க்கலாம் என்று இருந்துவிடக் கூடாது.

உள்ளூர் ஒளிபரப்பில் கடந்த சில ஆண்டுகளாக நல்ல திருப்பம் ஒன்று நடந்திருக்கிறது. பலர் அதைக் கவனிக்கவேயில்லை. முன்பு பல அணிகளின் ஆட்டங்கள் கட்டண கேபிள் விளையாட்டு சேனல்களில்தான் இருந்தன. அந்தச் சேனல்களில் பலவற்றை நடத்திய டயமண்ட் ஸ்போர்ட்ஸ் நிறுவனம் 2023 மார்ச்சில் திவால் பாதுகாப்பு கேட்டு நீதிமன்றம் போனது. அந்த ஆண்டிலேயே ஃபீனிக்ஸ் மெர்க்குரி அணி கேபிளை விட்டு வெளியேறி, அரிசோனாவில் யாரும் ஆன்டெனாவில் இலவசமாகப் பார்க்கக்கூடிய சேனல்களுக்கு வந்தது. சியாட்டில் ஸ்டார்ம் 2023-இல் ஃபாக்ஸ் 13 பிளஸ் சேனலிலும், வாஷிங்டன் மாநிலத்தவருக்கு பிரைம் வீடியோவிலும் ஆட்டங்களைக் கொடுத்தது. நியூயார்க் லிபர்டி 2024-இல் கட்டண சேனலை விட்டு ஃபாக்ஸ் 5-க்கும் மை9-க்கும் மாறியது. அதே ஆண்டுதான் அந்த அணி தன் முதல் சாம்பியன் பட்டத்தையும் வென்றது.

இதனால்தான் ஆன்டெனாவை மறப்பதைப் பெரிய தவறாகச் சொல்கிறேன். ஏபிசி, என்பிசி, சிபிஎஸ், அயான் ஆகிய நான்குமே ஆன்டெனாவில் இலவசம். அயானில் 2023 முதல் வெள்ளிக்கிழமை இரவுகளில் தொடர்ந்து டபிள்யூஎன்பிஏ வருகிறது. நியூ ஜெர்சியில் எடிசன் போன்ற ஓர் ஊரை எடுத்துக்கொள்ளுங்கள். சிபிஎஸ் 2.1, என்பிசி 4.1, ஃபாக்ஸ் 5.1, ஏபிசி 7.1, மை9 9.1, அயான் 31.1. இவற்றின் சிக்னல் மன்ஹாட்டன் பக்கமிருந்து வருகிறது. ஆன்டெனாவை டிவிக்குப் பின்னால் சொருகி வைக்காமல் அந்தத் திசை பார்த்த ஜன்னலில், முடிந்தால் மாடியில், வையுங்கள். ஒயரை டிவியின் ஆன்டெனா துளையில் பொருத்தி, செட்டிங்ஸில் சேனல் ஸ்கேன் ஓட விடுங்கள். சேனல் விட்டு விட்டு வந்தால் ஆன்டெனாவை ஓரடி நகர்த்திவிட்டு மறுபடி ஸ்கேன் செய்யுங்கள். ஸ்கேனை ஒருமுறை ஓட்டிப் பார்த்துவிட்டு, வேலை செய்யவில்லை என்று ஆன்டெனாவைத் தூக்கி எறிகிறவர்கள் நிறைய. கொஞ்சம் பொறுமை வேண்டும். இது ஒருமுறைச் செலவு. மாதச் சந்தா இல்லை, ஜிப் கோடு சோதனை இல்லை, படமும் ஸ்ட்ரீமிங்கை விடப் பெரும்பாலும் சீக்கிரம் வந்துவிடும். பக்கத்து வீட்டில் கைதட்டல் கேட்ட பிறகு உங்கள் திரையில் பந்து வளையத்துக்குள் விழும் தொல்லையும் இல்லை.

அடுத்தது, பெயர் ஒத்திருப்பதால் நேரும் குழப்பங்கள். என்பிஏ லீக் பாஸ் வாங்கினால் டபிள்யூஎன்பிஏவும் வரும் என்று நினைக்காதீர்கள். இரண்டும் தனித்தனிச் சந்தாக்கள். சிபிஎஸ் வேறு, சிபிஎஸ் ஸ்போர்ட்ஸ் நெட்வொர்க் வேறு. முன்னது ஆன்டெனாவில் வரும், பின்னதற்குக் கட்டண சேனல் தொகுப்பு வேண்டும்.

இவற்றுள் அதிகம் பேரைக் குழப்பியது ஈஎஸ்பிஎன் பிளஸ். ஈஎஸ்பிஎன் சேனலில் வரும் ஆட்டமெல்லாம் அதில் வந்துவிடும் என்று நம்பிப் பல வருடம் பலர் பணம் கட்டினார்கள். ஈஎஸ்பிஎன் சேனல்களை முழுமையாகத் தரும் நேரடிச் சந்தா 2025 ஆகஸ்ட் 21-ஆம் தேதிதான் வந்தது. தொடக்க விலை மாதம் 29.99 டாலர். பழைய ஈஎஸ்பிஎன் பிளஸ் இப்போது ஈஎஸ்பிஎன் செலக்ட் என்ற பெயரில் குறைந்த விலைப் படியாக இருக்கிறது. விலை குறைவு என்று அந்தப் படியை எடுத்துவிட்டு, ஈஎஸ்பிஎன் சேனலில் ஓடும் பிளேஆஃப் (லீக் சுற்றுக்குப் பிறகு பட்டத்துக்காக நடக்கும் சுற்றுகள்) ஆட்டத்தை அதில் தேடினால் கிடைக்காது. வாங்கும் பக்கத்தில் எந்தப் படி என்பதைக் கண்ணை விரித்துப் பார்த்து வாங்குங்கள்.

2026 முதல் இந்தக் கவனம் இன்னும் அதிகமாகத் தேவைப்படும். 2024 ஜூலையில் டிஸ்னி, என்பிசி யுனிவர்சல், அமேசான் ஆகிய மூன்றுடனும் லீக் 11 ஆண்டு ஒப்பந்தம் போட்டது. மதிப்பு சுமார் 220 கோடி டாலர் என்று செய்திகள் வந்தன. லீக் சுற்று ஆட்டங்களில் ஆண்டுக்கு டிஸ்னிக்கு 25, அமேசானுக்கு 30, என்பிசிக்கு 50 என்பது அறிவிப்பில் சொன்ன அளவு. இவற்றுக்கு மேல் அயான் தனி, யுஎஸ்ஏ நெட்வொர்க் தனி. என்பிசியின் ஸ்ட்ரீமிங் சேவையான பீகாக் இருக்கிறதே, யுஎஸ்ஏவும் அதே குடும்பம்தானே என்று இருந்துவிடாதீர்கள். யுஎஸ்ஏ நெட்வொர்க் இப்போது வெர்சன்ட் என்ற தனி நிறுவனத்திடம் இருக்கிறது. இறுதிச் சுற்றும் இனி ஒரே இடத்தில் நிற்காது; டிஸ்னி, என்பிசி, அமேசான் மூன்றுக்கும் முறை வைத்துச் சுற்றும். ஒரு வருடம் ஃபைனல்ஸ் பார்த்த சந்தாவை அடுத்த வருட ஃபைனல்ஸுக்கு நம்பிப் புதுப்பிப்பது வீண்செலவாகலாம்.

லீக்குக்கு இந்தப் பணம் நல்லதுதான். வீராங்கனைகளின் சம்பளம், பயண வசதி எல்லாம் இதிலிருந்துதான் வளர வேண்டும். ஆனால் ஓர் அணியின் சீசனை முழுதாகத் தொடர நான்கைந்து இடங்களில் பணம் கட்ட வேண்டும் என்றால், புதிதாக வரும் பார்வையாளர் வாசலிலேயே திரும்பிவிடுவார். பன்னிரண்டு வயதுப் பெண் ஒருத்தி தன் அணியைப் பார்க்க, வீட்டில் பெரியவர்கள் அட்டவணையும் கார்டும் வைத்துக்கொண்டு ஆராய்ச்சி செய்ய வேண்டியிருப்பது சரியில்லை. குறைந்தபட்சம் ஊர் அணியின் ஆட்டத்தையாவது அந்த ஊர்க்காரருக்கு லீக் பாஸிலேயே, கூடுதல் கட்டணம் வாங்கியாவது, கொடுக்க வேண்டும்.

இதுவரை சொன்ன மறைப்புகள் அட்டவணை போடும்போதே தெரிந்துவிடும். முன்கூட்டியே தெரியாத வகை ஒன்றும் இருக்கிறது. சேனலுக்கும் அதை வீட்டுக்குக் கொண்டுவரும் கேபிள் அல்லது சாட்டிலைட் நிறுவனத்துக்கும் கட்டணச் சண்டை வந்தால், சேனலே மொத்தமாகக் காணாமல் போகும். 2023 ஆகஸ்ட் 31 முதல் செப்டம்பர் 11 வரை ஈஎஸ்பிஎன், ஏபிசி சேனல்களை வைத்திருக்கும் டிஸ்னிக்கும் கேபிள் நிறுவனமான சார்ட்டருக்கும் நடந்த சண்டையில், சார்ட்டரின் ஸ்பெக்ட்ரம் இணைப்புள்ள வீடுகளில் ஈஎஸ்பிஎன் இல்லை. டபிள்யூஎன்பிஏ லீக் சுற்று முடிந்தது அந்த செப்டம்பர் 10-ஆம் தேதி. அடுத்த வருடமே 2024 செப்டம்பர் 1 முதல் 14 வரை சாட்டிலைட் நிறுவனமான டைரக்டிவியில் அதே கதை. லீக் சுற்று முடிய ஐந்தே நாள் இருக்கும்வரை நீடித்தது. அமெரிக்கக் கால்பந்து சீசன் தொடங்கும் நேரத்தில் சண்டை போட்டால்தான் இரு பக்கமும் அழுத்தம் கொடுக்க முடியும் என்பதால் இவை செப்டம்பரில் வருகின்றன. அடி விழுவது, பிளேஆஃப் இடத்துக்காக அணிகள் உயிரைக் கொடுத்து ஆடும் பெண்கள் லீக்கின் கடைசி வாரங்களுக்கு.

இங்கே நடக்கும் தவறு, கோபத்தில் அன்றே வேறொரு பெரிய தொகுப்புக்கு வருடச் சந்தா கட்டிவிடுவது. இந்த இரண்டு சண்டைகளும் இரண்டு வாரத்துக்குள் தீர்ந்தன. ஏபிசி ஆட்டங்களுக்கு ஆன்டெனா போதும். ஈஎஸ்பிஎன் ஆட்டங்களுக்கு அதன் நேரடிச் சந்தாவை ஒரு மாதத்துக்கு மட்டும் எடுங்கள். இந்த லீக்கைப் பொறுத்தவரை வருடச் சந்தாவுக்கு அவசரப்படவே தேவையில்லை. சீசன் மே மாதம் தொடங்கி அக்டோபருக்குள் முடிந்துவிடுகிறது.

விபிஎன் போட்டு ஊரை மாற்றிக் காட்டலாம் என்ற யோசனையை யாராவது உங்களிடம் சொல்லியிருப்பார்கள். அது சந்தா விதிகளுக்கு எதிரானது. கணக்கு முடங்கினால் கட்டிய பணத்தைத் திருப்பிக் கேட்கவும் வாய் இருக்காது. அதோடு, விபிஎன் எதுவும் போடாதவர்களுக்கே இடம் தவறாகத் தெரிவதுண்டு. நீங்கள் எங்கிருக்கிறீர்கள் என்பதை ஆப் இணைய முகவரியையும் போனின் லொகேஷனையும் வைத்து முடிவு செய்கிறது. ஹாட்ஸ்பாட்டில் டிவியை இணைத்தால் வேறொரு நகரத்தில் இருப்பதாகக் காட்டி, மறைக்கத் தேவையில்லாத ஆட்டத்தையும் மறைத்துவிடலாம். வைஃபைக்கு மாறி, லொகேஷன் அனுமதி கொடுத்து, ஆப்பை மூடித் திறந்து பார்த்துவிட்டுப் பிறகு புகார் எழுதுங்கள்.

ஆப்பில் போட்டிருப்பதை மட்டும் நம்புவதும் ஆபத்து. 2024 மே 3-ஆம் தேதி மினசோட்டா லின்க்ஸ் அணியும் சிகாகோ ஸ்கை அணியும் ஆடிய சீசனுக்கு முந்தைய பயிற்சி ஆட்டம் லீக் பாஸில் வரும் என்று ஆப் காட்டியது. சிகாகோவின் புது வீராங்கனை ஏஞ்சல் ரீஸின் முதல் தொழில்முறை ஆட்டம் என்பதால் ஏராளமானோர் காத்திருந்தார்கள். ஆட்டம் வரவில்லை; ஆப் தவறாகக் காட்டிவிட்டது என்று லீக் மன்னிப்புக் கேட்டது. அரங்கில் உட்கார்ந்திருந்த ரசிகை ஒருவர் தன் போனில் ஆட்டத்தை நேரலையாகக் காட்ட, அது லட்சக்கணக்கான பார்வைகளைப் பெற்றது. இவ்வளவு பேர் பார்க்கத் தயாராக இருக்கிறார்கள் என்பதை உலகுக்குக் காட்டியது அந்தக் கை நடுங்கும் போன் படம்தான். முக்கியமான ஆட்டம் என்றால் லீக்கின் இணையதள அட்டவணை, அணியின் அறிவிப்பு இரண்டையும் ஒப்பிட்டுப் பார்த்துவிடுங்கள்.

அப்படியென்றால் லீக் பாஸ் யாருக்கு? அணி இல்லாத ஊரில் இருந்துகொண்டு தூரத்து அணி ஒன்றைத் தொடர்பவருக்கு. டென்வரில் இருக்கும் அட்லாண்டா ட்ரீம் ரசிகருக்கு அது நல்ல பேரம். 2024-இல் முழு சீசனுக்கும் விலை 34.99 டாலர்தான். நட்சத்திரம் என்று கொண்டாடப்படாத அணிகளின் செவ்வாய்க்கிழமை ஆட்டங்களில் நல்ல கூடைப்பந்தைத் தேடிப் பார்ப்பவருக்கும் அது பொக்கிஷம். நேரலைதான் வேண்டும் என்றில்லாதவருக்கும் உதவும். மறைக்கப்பட்ட ஆட்டங்கள் பிறகு முழுப் பதிவாக அதில் ஏறும். அதுவரை போனில் ஸ்கோர் அறிவிப்புகளை அணைத்து வையுங்கள்.

பிளேஆஃப் நெருங்கும்போது மட்டும் அதை வாங்காதீர்கள். 2024, 2025 இரண்டு ஆண்டுகளிலும் பிளேஆஃப் ஆட்டங்கள் முழுக்க ஈஎஸ்பிஎன், ஏபிசி குடும்பத்தில்தான் நடந்தன. அமெரிக்காவில் லீக் பாஸ் வைத்திருந்தவருக்கு நேரலை எதுவும் இல்லை. சீசன் முடிந்ததும் தானாகப் புதுப்பிக்கும் வசதியை அணைத்துவிடுங்கள். ஆப்பிள் அல்லது கூகுள் வழியாக வாங்கியிருந்தால் அந்தக் கணக்கின் சந்தா பக்கத்துக்குப் போய்த்தான் நிறுத்த வேண்டும். போனிலிருந்து ஆப்பை அழித்தால் சந்தா நிற்காது, அடுத்த வருடமும் பணம் போகும்.