ஆய்விலிருந்து அரசுக் கோப்புக்கு: இரண்டு பக்கக் கொள்கைக் குறிப்பு எழுதும் முறை

ஆய்வு ஒழுங்காக நடந்திருக்கும், முடிவும் தெளிவாக இருக்கும். ஆனாலும் அரசு எடுக்கும் முடிவில் அதன் சுவடே இருக்காது. அதிகாரிகளுக்கு அறிவியல் புரியவில்லை என்று சொல்லிவிடுவது எளிது. பெரும்பாலும் காரணம் அதுவல்ல. அவர்கள் முன் இருந்த கேள்வி ஒன்று, கட்டுரை விடை சொன்ன கேள்வி வேறு. அந்த இடைவெளியை அடைப்பதற்குத்தான், முடிவெடுப்பவருக்காக ஆய்வாளர் எழுதும் கொள்கைக் குறிப்பு. ஆய்வுக்கட்டுரையைச் சுருக்கினால் அது கொள்கைக் குறிப்பு ஆகிவிடாது.

எழுத உட்காருவதற்கு முன்

நான்கு விவரங்களை ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள். முடிவெடுப்பவர் யார், எந்தப் பதவியில் இருக்கிறார்? முடிவு எந்த வடிவில் வரும்: சட்டமா, விதியா, நிதி ஒதுக்கீடா, வெறும் அறிவுரையா? கடைசித் தேதி எது? இப்போது நடப்பில் இருப்பது என்ன? இவற்றில் ஒன்று தெரியாவிட்டாலும் எழுதத் தொடங்காதீர்கள், தொலைபேசியில் கேளுங்கள். "அரசு நடவடிக்கை எடுக்க வேண்டும்" என்ற வரி எந்த மேசைக்கும் போய்ச் சேராது.

வடிவம் தெரிந்தால் பாதிக் குறிப்பு தயார். சட்டத்தை மாற்றச் சட்டமன்றமோ நாடாளுமன்றமோ கூட வேண்டும். விதியைத் துறையே மாற்றிக்கொள்ளலாம். பணம் தேவைப்படும் யோசனை என்றால், பட்ஜெட் மதிப்பீடுகளைத் துறை அனுப்பும் தேதிக்கு முன்பே குறிப்பு போயாக வேண்டும். அது தாண்டினால் எவ்வளவு நல்ல சான்றும் ஓராண்டு காத்திருக்கும்.

எது அறிவியல், எது தேர்வு

இதில்தான் அதிகம் சறுக்குகிறது. குடிநீரில் ஆர்செனிக் என்ற நச்சுப்பொருளுக்கான வரம்பைப் பாருங்கள். உலக சுகாதார அமைப்பின் வழிகாட்டு அளவு லிட்டருக்கு 10 மைக்ரோகிராம். அமெரிக்காவில் வரம்பு நெடுங்காலம் 50 ஆக இருந்தது. அதைக் குறைக்க முனைந்தபோது 3, 5, 10, 20 என்ற நான்கு எண்களை அந்நாட்டுச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை பரிசீலித்தது. 3 வரை இறக்குவது தொழில்நுட்ப அளவில் முடியும் என்பதை ஏற்றுக்கொண்டது. 2000-இல் 5 என்று முன்மொழிந்து, செலவையும் பயனையும் எடைபோட்டு 2001-இல் 10 என்று முடிவு செய்தது. ஒவ்வோர் அளவிலும் புற்றுநோய் அபாயம் எவ்வளவு என்பது அறிவியல் கேள்வி. அந்த அபாயத்தைக் குறைக்கச் சிறிய ஊர்களின் குடிநீர் அமைப்புகள் எவ்வளவு செலவைச் சுமக்கலாம் என்பது மக்களுக்குப் பதில் சொல்ல வேண்டியவர்களின் தேர்வு.

எனவே வரைவை முடித்ததும் இரண்டு வண்ணப் பேனாக்களை எடுங்கள். அளந்தோ கணக்கிட்டோ சொன்ன வாக்கியங்களுக்கு ஒரு வண்ணத்தில் கோடிடுங்கள். "வேண்டும்", "ஏற்கத்தக்கது", "பாதுகாப்பானது" என்று வருபவற்றுக்கு இன்னொரு வண்ணம். ஒரே வாக்கியத்தில் இரண்டும் விழுந்தால் அதை உடையுங்கள். "பாதுகாப்பானது" என்ற சொல்தான் பெரிய திருடன், ஒரு மதிப்பீட்டை அளவீடுபோல் உள்ளே கொண்டுவந்துவிடும். பரிந்துரை செய்வதில் தவறில்லை. அது பரிந்துரை என்று தெரிய வேண்டும், அவ்வளவுதான்.

சான்றைத் திரட்டுதல்

ஒற்றை ஆய்வின் மேல் கொள்கையைக் கட்டக் கூடாது, அது உங்கள் சொந்த ஆய்வாக இருந்தாலும். தட்டம்மை, பொன்னுக்கு வீங்கி, ரூபெல்லா ஆகியவற்றுக்கான முத்தடுப்பூசியை ஆட்டிசத்தோடு தொடர்புபடுத்தி 1998-இல் வெளியான கட்டுரை 12 குழந்தைகளை வைத்து எழுதப்பட்டது. 2010-இல் அது திரும்பப் பெறப்பட்டது. இடையில் போன நம்பிக்கையை மீட்க இன்னும் பாடுபட வேண்டியிருக்கிறது. அந்தத் தலைப்பில் நடந்த எல்லா ஆய்வுகளையும் முறைப்படி தொகுத்த மீளாய்வு இருந்தால் அதிலிருந்து தொடங்குங்கள். இல்லையென்றால், வேறு குழுவினர் செய்தும் அதே முடிவு வந்ததா, ஆய்வு நடந்த மக்களும் கொள்கை பாதிக்கப்போகும் மக்களும் ஒத்தவர்களா, பணம் கொடுத்தது யார் என்பதைப் பாருங்கள்.

உங்கள் முடிவுக்கு எதிரான ஆய்வுகளில் வலுவான ஒன்றை நீங்களே குறிப்பில் எழுதி, அது ஏன் முடிவை மாற்றவில்லை என்று இரண்டு வரியில் விளக்குங்கள். விட்டுவிட்டால், கூட்டத்தில் எதிர்த்தரப்பு அதை எடுத்து வைக்கும். அந்த நொடியில் மீதிப் பக்கங்களின் மேலும் சந்தேகம் விழும்.

எண்ணை எப்படி எழுதுவது

1995-இல் பிரிட்டனில், ஒரு வகைக் கருத்தடை மாத்திரை ரத்தக்கட்டு (ரத்தக்குழாய்க்குள் ரத்தம் உறைவது) அபாயத்தை இரட்டிப்பாக்குகிறது என்று எச்சரிக்கை வந்தது. உண்மைதான். ஆனால் 7,000 பேரில் ஒருவருக்கு இருந்தது 7,000 பேரில் இருவருக்கு ஆனதைத்தான் "இரட்டிப்பு" என்றார்கள். பலர் பயந்து மாத்திரையை நிறுத்தினார்கள். அடுத்த ஆண்டு கருக்கலைப்புகள் ஆயிரக்கணக்கில் கூடின. கர்ப்பத்திலேயே ரத்தக்கட்டு அபாயம் அந்த மாத்திரையைவிட அதிகம் என்பதுதான் இதில் வேதனை.

மடங்கையோ சதவீதத்தையோ தனியாக எழுதாதீர்கள். "இத்தனை பேரில் இத்தனை பேருக்கு, இவ்வளவு காலத்தில்" என்று எழுதுங்கள். ஒப்பிடும் எண்கள் எல்லாவற்றுக்கும் அடிப்படை ஒன்றாக இருக்கட்டும். ஓரிடத்தில் ஆயிரத்துக்கு, அடுத்த வரியில் லட்சத்துக்கு என்று மாறினால் அவசரத்தில் படிப்பவர் தவறாகத்தான் படிப்பார்.

ஒரு வாக்கியத்தைத் திருத்திப் பார்ப்போம். எண்கள் விளக்கத்துக்காக மட்டும்.

முன்: "ஆய்வுப் பகுதியின் நிலத்தடி நீரில் ஆர்செனிக் செறிவு புள்ளியியல் நோக்கில் குறிப்பிடத்தக்க அளவு உயர்ந்துள்ளது. மேலதிக ஆய்வு தேவை."

பின்: "சோதித்த 400 கிணறுகளில் 120-இல் ஆர்செனிக் லிட்டருக்கு 10 மைக்ரோகிராமுக்கு மேல். இந்த 120-இல் 90 கிணறுகள் 30 மீட்டருக்குக் குறைந்த ஆழம் கொண்டவை. மழைக்காலத்தில் அளக்கவில்லை, அப்போது அளவு மாறலாம்."

எங்கே தொடங்குவது என்பதை இரண்டாவது வடிவம் காட்டிவிடுகிறது. "மேலதிக ஆய்வு தேவை" என்பதை அறவே நீக்குங்கள். உண்மையிலேயே தேவை என்றால், எந்த ஆய்வு, எத்தனை மாதம், எவ்வளவு செலவு, விடை எப்படி வந்தால் முடிவு மாறும் என்று எழுதுங்கள்.

ஐயத்தை மறைக்காமல் சொல்வது

காலநிலை மாற்றத்துக்கான பன்னாட்டு அரசுக் குழு ஒரு நல்ல வழியைக் காட்டியிருக்கிறது. "வாய்ப்புண்டு" என்றால் 66 முதல் 100 சதவீதம், "மிகவும் வாய்ப்புண்டு" என்றால் 90 முதல் 100 என்று சொற்களுக்கு எண் வரம்பு வைத்திருக்கிறது. சிறிய குறிப்பிலும் இதைச் செய்யலாம். சொல்லுக்குப் பக்கத்திலேயே எண்ணை எழுதுங்கள், அடிக்குறிப்பில் தள்ளாதீர்கள்.

எச்சரிக்கைக்கும் இதே விதி. 1989-இல் பிரிட்டனின் நிபுணர் குழு ஒன்று, மாடுகளைத் தாக்கிய மூளைநோய் மனிதருக்குப் பரவும் வாய்ப்பு மிகக் குறைவு என்றது. தங்கள் கணிப்பு தவறானால் விளைவு மிகக் கடுமையாக இருக்கும் என்றும் சேர்த்தே சொன்னது. பொதுமக்கள் காதில் விழுந்தது முதல் பாதி மட்டும். 1996 மார்ச்சில், மனிதருக்கு வந்த புதிய நோய்க்கும் அதற்கும் தொடர்பு இருக்கக்கூடும் என்று அரசே அறிவிக்க நேர்ந்தது. முடிவையும் எச்சரிக்கையையும் ஒரே வாக்கியத்தில் பிணைத்துவிடுங்கள். தனி வாக்கியமாக நின்றால் யாராவது வெட்டிவிடுவார்கள்.

தாளில் அடுக்குவது

ஏ4 அளவில் இரண்டு பக்கம், 12 புள்ளி எழுத்து, ஏறத்தாழ 600 முதல் 700 சொற்கள், படம் ஒன்றுக்கு மேல் வேண்டாம். மேலே நான்கு வாக்கியங்கள்: எடுக்க வேண்டிய முடிவு, சான்று சொல்வது, அதன் உறுதி, உங்கள் பரிந்துரை. பலர் இதற்கு மேல் படிக்க மாட்டார்கள் என்று நினைத்தே எழுதுங்கள். பிறகு சான்று, அதன்பின் வழிகள். அடியில் தேதி, பதிப்பு எண், நிதி கொடுத்தவர், உங்களுக்கு ஆதாயத் தொடர்பு இருந்தால் அது.

வழிகள் மூன்று போதும். அவற்றில் ஒன்று "இப்போதுள்ளபடியே விடுவது". அதற்கும் விலை உண்டு, அதையும் கணக்கிட்டுக் காட்டுங்கள். ஒவ்வொரு வழிக்கும் என்ன நடக்கும், செலவு யார் தலையில் விழும், நடைமுறைப்படுத்துவது யார், அவர்களிடம் ஆளும் கருவியும் இருக்கின்றனவா என்று எழுதுங்கள். கடைசிக் கேள்வியை விட்டுவிடுவதால் விழும் திட்டங்கள் நிறைய. வரம்பை 10 ஆக்கி ஆணை போட்டாலும், 10-ஐ நம்பகமாக அளக்கும் ஆய்வகம் இல்லையென்றால் அது தாளோடு நின்றுவிடும்.

சான்று முழுமையாகாத நிலையில் மறுபரிசீலனைத் தேதியோடு பரிந்துரை செய்யலாம். ஓசோன் படலத்துக்கான 1987 மான்ட்ரியல் உடன்படிக்கை முதலில், அந்தப் படலத்தை அரிக்கும் குளோரோபுளோரோகார்பன் வேதிப்பொருள்களை 1986 அளவில் பாதியாகக் குறைக்க மட்டுமே கேட்டது. ஆனால் நான்கு ஆண்டுகளுக்கு ஒருமுறையாவது அறிவியலை மதிப்பிட வேண்டும் என்று உடன்படிக்கையிலேயே எழுதி வைத்தார்கள். 1990-இல் லண்டனில், முழுவதுமாக நிறுத்துவது என்று இறுக்க முடிந்தது.

நேரில் பேசும்போது

பதினைந்து நிமிடம் கிடைத்தால் ஐந்து நிமிடம் பேசுங்கள், பத்து நிமிடம் கேள்விக்கு. "நீங்களாக இருந்தால் என்ன செய்வீர்கள்?" என்று கட்டாயம் கேட்பார்கள். "ஆய்வு சொல்வது இதுவரை. இனி சொல்வது என் கருத்து" என்று எல்லையை வாய்விட்டுச் சொல்லிவிட்டுப் பதில் கொடுங்கள்.

எழுந்து வருவதற்கு முன், பொதுமக்களிடம் யார் பேசுவது, எந்தச் சொற்களில் என்பதை முடிவு செய்துகொள்ளுங்கள். இத்தாலியின் லாக்விலாவில் 2009 ஏப்ரல் 6 நிலநடுக்கத்துக்குச் சில நாள்களுக்கு முன் நிபுணர் கூட்டம் நடந்தது. அதையொட்டி ஓர் அதிகாரி மக்களுக்குத் தொலைக்காட்சியில் ஆறுதல் சொன்னார். நிலநடுக்கத்தில் 309 பேர் இறந்தார்கள். 2012-இல் ஆறு அறிவியலாளர்களுக்கும் அந்த அதிகாரிக்கும் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. மேல்முறையீட்டில் 2014-இல் அறிவியலாளர்கள் விடுவிக்கப்பட்டார்கள்.

அன்று மாலையே, பேசியதை ஐந்தாறு வரியில் எழுதி அதே அலுவலருக்கு அனுப்புங்கள். உங்கள் எண் வெளியே தவறாகப் போனால், சரியான வாக்கியத்தோடு அன்றே இன்னொரு வரி. ஆய்வில் பிழை தெரியவந்தாலும் முதல் தகவல் அவருக்குத்தான் போக வேண்டும், பதிப்பு எண்ணை மாற்றி, மாறிய வரியைக் கோடிட்டு.