ஆக்டோபஸ் வேண்டாம், பேய்க்கணவாய் என்றே பேசட்டும்

பாம்பன், தங்கச்சிமடம் பக்கத்துப் பிள்ளைகளுக்கு ஒரு கார்ட்டூன் படத்தைத் தமிழில் பேசவைக்கப் போகிறீர்களா? தியேட்டர் படத்தில் கைவைத்தால் உரிமைக்காரர் கேள்வி கேட்பார். பிளெண்டர் என்ற இலவச அனிமேஷன் மென்பொருளை நடத்தும் அமைப்பு வெளியிட்ட குறும்படங்கள் பலவும் கிரியேட்டிவ் காமன்ஸ் உரிமத்தில் கிடைக்கின்றன, அவர்கள் பெயரைப் போட்டுவிட்டுக் குரலை மாற்றிக்கொள்ளலாம். 2010ல் வந்த ‘சின்டெல்’ கால் மணி நேரம்தான், வசனமும் குறைவு. கதை சோகம் என்பதால் சின்னப் பிள்ளைகளுக்குக் காட்ட மாட்டேன், ஆனால் நாம் வாய் பழக நல்ல படம்.

வசனத்தில்தான் பலரும் சறுக்குவது. ஆங்கிலத்தை அப்படியே பேப்பரில் மொழிபெயர்த்துக்கொண்டு மைக் முன்னால் நின்றால், பாத்திரம் வாயை மூடிய பிறகும் நம் வினைச்சொல் ஓடிக்கொண்டிருக்கும். அதனால் முதலில் சத்தத்தை அணைத்துவிட்டுப் படத்தை ஓடவிடுங்கள், உதடு எங்கே ஒட்டுகிறது என்று மட்டும் பாருங்கள். ப, ம வரும் இடத்தில்தான் உதடு ஒட்டும். அங்கே நம் வசனத்திலும் ஒரு ப அல்லது ம விழுந்துவிட்டால் மற்றது அவ்வளவாக உறுத்தாது. ‘ஹெல்ப் மீ’ என்று கத்தும் முயல்குட்டிக்கு ‘என்னைக் காப்பாற்றுங்கள்’ எதற்கு? ‘யம்மா!’ போதும். வாய் திறந்து, ஒட்டி, மறுபடி திறக்கிறது, கணக்கு சரி. நொடிக்கு 24 ஃபிரேம் ஓடும் படத்தில் ஒன்றிரண்டு ஃபிரேம் பிசகினால் யாரும் கண்டுகொள்வதில்லை, பத்து பிசகினால் குழந்தையே சிரிக்கும்.

கடல் கதை என்றால் பெயர்களுக்கு அகராதியைத் திறக்காமல், கரையில் கிழிந்த வலையைத் தைத்துக்கொண்டிருக்கும் ஆளிடம் கேளுங்கள். ஆக்டோபஸ் இங்கே பேய்க்கணவாய், டால்பின் ஓங்கில், கடல்பசு ஆவுளியா. அதற்காக எல்லாப் பாத்திரத்தையும் ஊர்ப்பேச்சில் இறக்கினால் சலித்துவிடும். நானாக இருந்தால் கிழட்டு ஆமைக்கு மட்டும் தாத்தா பேச்சு கொடுப்பேன்: “பேராண்டி, கச்சான் அடிக்குதுடா, கரையோரமாவே போ.” கச்சான் என்றால் மேற்கிலிருந்து அடிக்கும் காற்று.

பதிவுக்கு ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரையிலான 61 நாள் மீன்பிடித் தடைக்காலம் தோதானது. விசைப்படகுச் சத்தம் இருக்காது, கோடை விடுமுறையில் பிள்ளைகளும் கிடைப்பார்கள். குழந்தைப் பாத்திரத்துக்குக் குழந்தையே பேசட்டும், ஆனால் வாசிக்கச் சொல்லாதீர்கள், பள்ளிக்கூட ராகம் வந்துவிடும். நீங்கள் ஒரு வரி சொல்லுங்கள், அது திருப்பிச் சொல்லட்டும். உள்ளறையில் ஜன்னலுக்கு மெத்தை, சுவருக்குப் போர்வை. ஃபேனையும் ஃபிரிட்ஜையும் நிறுத்துங்கள். ஆடாசிட்டி என்ற இலவச ஒலிப்பதிவு மென்பொருளில் 48,000 ஹெர்ட்ஸ் வைத்து, ஒவ்வொரு பாத்திரத்துக்கும் தனி டிராக்.

இசையும் சத்தங்களும் தனி டிராக்காகக் கிடைக்காத படமென்றால் கொஞ்சம் பாடுதான், வசனத்தை அணைக்கும்போது அவையும் சேர்ந்து போய்விடும். அலை, காற்று எல்லாம் நாமே பிடிக்க வேண்டும். அலைக்குப் போனையே கொண்டுபோகலாம்: கரையேற்றிய வள்ளத்தின் மறைவில் உட்கார்ந்து, மைக் பக்கம் ஒரு பழைய சாக்ஸை மாட்டிவிடுங்கள், இல்லாவிட்டால் பதிவில் அலை இருக்காது, காற்றுதான் இருக்கும்.