கட்டி முடிக்காத கப்பலைப் பற்றி எழுதும்போது செய்யக் கூடாத தவறுகள்

வில்லர்ட் கீத் என்று தேடினால் கம்பீரமான ஒரு போர்க்கப்பலின் படம் வந்து நிற்கும். அதை அப்படியே எடுத்து, இரண்டாம் உலகப் போரில் அதே பெயரில் தொடங்கி, கட்டி முடிக்காமலே ரத்தான டிஇ-314 கப்பலைப் பற்றிய குறிப்பில் போட்டுவிடுகிறார்கள். படத்தில் இருப்பது டிடி-775, அதாவது ஒரு நாசகாரி (டெஸ்ட்ராயர் என்ற வேகமான போர்க்கப்பல்). பெயர் ஒன்றுதான், ஆனால் கப்பலே வேறு.

வில்லர்ட் கீத் என்பது பசிபிக் தீவான குவாடல்கனாலில் நடந்த போரில் உயிரிழந்த அமெரிக்க மரைன் படை அதிகாரியின் பெயர். அமெரிக்கக் கடற்படை அதை மேர் ஐலண்ட் கப்பல் கட்டும் தளத்தின் டிஇ-314-க்குக் கொடுத்தது. அந்தக் கப்பல் ரத்தானது. அந்தப் பெயர் டிஇ-754-க்கும் கொடுக்கப்பட்டது, அதுவும் ரத்து. கடைசியில் டிடி-775 என்ற நாசகாரிக் கப்பலுக்கு அந்தப் பெயர் நிலைத்தது. அது 1944 டிசம்பரில் பணியில் சேர்ந்தது. ஆக, பெயரை நம்பாதீர்கள், எண்ணைப் பாருங்கள். நானும் ஒருமுறை மூன்றையும் ஒரே கப்பலாக நினைத்து அரைப் பக்கம் எழுதி, பிறகு அழித்திருக்கிறேன்.

அப்புறம் பெயருக்கு முன்னால் போடும் இந்த ‘யுஎஸ்எஸ்’ (அமெரிக்கக் கப்பல் என்பதன் ஆங்கிலச் சுருக்கம்). பணியில் சேர்ந்த கப்பலுக்குத்தான் அந்த முன்னொட்டு. டிஇ-314-க்கு அதை ஒட்டுவது, வேலையில் சேராதவருக்குப் பதவிப் பெயர் போடுவது மாதிரி.

டிஇ என்றால் ‘டெஸ்ட்ராயர் எஸ்கார்ட்’. அதையும் நாசகாரி என்று எழுதிவிடுவதுண்டு. இது வணிகக் கப்பல் கூட்டத்துக்குத் துணையாகப் போய், நீர்மூழ்கிகளைத் தேடி வேட்டையாடும் சிறிய, மலிவான கப்பல். டிஇ-314 சேர்ந்திருந்த எவர்ட்ஸ் வகையின் வேகம் சுமார் 21 நாட் (ஒரு நாட் என்றால் மணிக்கு ஒரு கடல் மைல்). நாசகாரிகளோ 35 நாட்டை ஒட்டி ஓடின.

பெரிய தவறு, ஏன் ரத்தானது என்ற காரணத்தில்தான் வரும். ‘வடிவமைப்பு சரியில்லை, அதனால் கைவிட்டார்கள்’ என்று ஊகித்து எழுதுவார்கள். உண்மை வேறு. எவர்ட்ஸ் வகையில் திட்டமிட்ட 105-ல் 97 கப்பல்கள் கட்டி முடிக்கப்பட்டன. சரியில்லாத கப்பலை யாராவது இத்தனை கட்டுவார்களா? 1943 மே மாதம் ஒன்றிலேயே ஜெர்மனி நாற்பதுக்கும் மேற்பட்ட நீர்மூழ்கிகளை இழந்தது. ஜெர்மன் கடற்படைத் தளபதி டோனிட்ஸ் மிச்சத்தை வட அட்லாண்டிக்கிலிருந்து பின்வாங்கச் சொன்னார். துணைக் கப்பல்களின் தேவை குறைந்தது; படைகளைக் கரையிறக்கும் கப்பல்களுக்கோ அவசரம். மேர் ஐலண்ட் பட்டியலின் கடைசி எட்டு எண்கள், 308 முதல் 315 வரை, ரத்தாயின.

இன்னொன்று: டிஇ-314 பற்றிய குறிப்பில் ‘1972-ல் கொலம்பியாவுக்குக் கொடுக்கப்பட்டு கால்டாஸ் என்ற பெயர் பெற்றது’ என்ற வரி. அப்படிப் போனதும் டிடி-775தான்.