விபத்து வழக்குக்கு மருத்துவ பில்களை எப்படித் தயார் செய்வது?

சேலத்தில் மோட்டார் விபத்து இழப்பீட்டு வழக்குகள் நடத்தும் ஒரு வக்கீலிடம் குமாஸ்தாவாக இருக்கிறேன். கட்சிக்காரர்கள் கொண்டுவரும் பில்களைப் பிரித்து அடுக்கிக் கணக்குப் போடுவது என் பொறுப்பு. நகையை அடகு வைத்துச் செலவழித்த பணம்கூடக் காகிதம் சரியில்லாததால் கைக்கு வராமல் போவதுண்டு. அதைப் பார்த்துக்கொண்டு இருக்க மனசு கேட்கவில்லை.

பில் கையில் இருந்தால் மட்டும் போதாது. இந்த விபத்தில் இந்தக் காயம், அதற்கு இந்தச் சிகிச்சை, அதற்கான செலவு இது என்று தொடர்ச்சியாகக் காட்ட வேண்டும். கிரிமினல் வழக்கு மாதிரி சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்க வேண்டியதில்லை. ஆனால் நடுவில் ஒன்று விட்டுப்போனால் இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல் அங்கேதான் கை வைப்பார்.

முதல் காகிதம், ஆஸ்பத்திரியில் எழுதும் ஆக்ஸிடென்ட் ரெஜிஸ்டர், அதாவது ஏ.ஆர். காப்பி. கூடப் போனவர் பதற்றத்தில் ‘வண்டி சறுக்கி விழுந்துட்டார்’ என்று சொல்லிவிட்டால் அதுதான் பதிவாகும். பின்னாலிருந்து லாரி இடித்ததாக எஃப்.ஐ.ஆர். சொன்னாலும் குறுக்கு விசாரணையில் அந்த ஒரு வரி மறுபடி மறுபடி வரும். நடந்ததை நடந்தபடி சொல்லுங்கள். அரசு ஆஸ்பத்திரியிலிருந்து தனியார் ஆஸ்பத்திரிக்கு மாறினால், மாறிய தேதியும் காரணமும் தெரியும்படி அரசு ஆஸ்பத்திரியிலும் ஒரு டிஸ்சார்ஜ் சீட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.

அப்புறம் மருந்துக் கடை பில். நோயாளி பெயர், டாக்டர் பெயர், தேதி, கடையின் லைசென்ஸ் எண் எல்லாம் இருக்கிறதா என்று கடையிலேயே பாருங்கள். வாங்கி வந்த மச்சான் பெயரில் பில் இருந்தால் அதை வழக்கில் விளக்க வேண்டிவரும். டாக்டர் சீட்டையும் பில்லையும் சேர்த்தே பின் அடித்து வையுங்கள். சர்க்கரை மாத்திரை, குழந்தையின் பால் பவுடர் எல்லாம் அதே பில்லில் வேண்டாம். தனி பில் போடச் சொல்லுங்கள். மெஷினில் வரும் வழவழப்பான தாள் சில மாதங்களில் வெளிறி வெறும் வெள்ளையாகிவிடும். வழக்கு விசாரணைக்கு வரும்போது அதில் ஓர் எழுத்தும் இருக்காது. வாங்கிய அன்றே ஜெராக்ஸ் எடுங்கள். ஒரிஜினலையும் தூக்கிப் போடாதீர்கள். கோர்ட்டில் சான்றாக எண் போட்டுக் குறியீடு செய்ய அதுதான் வேண்டும்.

நிறைய பேர் இடறுவது கூட்டலில்தான். உதாரணமாக ஆஸ்பத்திரி ஃபைனல் பில் 1,48,600 ரூபாய் என்று வையுங்கள். அட்வான்ஸாக 50,000, 60,000 என்று இரண்டு ரசீது, டிஸ்சார்ஜ் அன்று கட்டிய 38,600-க்கு ஒரு ரசீது. நான்கையும் கூட்டினால் 2,97,200 வரும். ஆனால் செலவு 1,48,600 மட்டும்தான்; மற்ற மூன்றும் அதே பணத்தைக் கட்டியதற்கான ரசீதுகள். இரட்டிப்பாகக் கேட்டது வெளிப்பட்டால், ஒழுங்கான பில்களின் மேலும் சந்தேகம் விழும். தேதி, பில் எண், எதற்காக, எவ்வளவு என்று நான்கு பத்தியில் ஒரு பட்டியல் எழுதுங்கள். அட்வான்ஸ் ரசீதுகளை ஃபைனல் பில்லுக்குப் பின்னால் வைத்துவிடுங்கள்.

அரசுத் திட்டம் எதுவும் பில்லில் ஒரு பகுதியைக் கட்டியிருந்தால், நீங்கள் கைக்காசு போட்டதை மட்டும் செலவாகக் காட்டுங்கள். முதல் 48 மணி நேரத்துக்கான ‘நம்மைக் காக்கும் 48’ திட்டத்தில் நடந்த இலவசச் சிகிச்சையும் அப்படித்தான். சொந்தமாக பிரீமியம் கட்டிய மெடிக்ளெய்ம், அதாவது மருத்துவ இன்சூரன்ஸ், வேறு விஷயம். அதில் வந்த பணத்தை இழப்பீட்டிலிருந்து கழிக்கக் கூடாது என்று 2025-இல் பம்பாய் உயர் நீதிமன்ற முழு அமர்வு சொன்னது. மாறான தீர்ப்புகளும் உண்டு. அதனால் வக்கீலிடம் மறைக்காதீர்கள். ஒரிஜினலை மெடிக்ளெய்முக்குக் கொடுப்பதற்கு முன், ஆஸ்பத்திரி சீலோடு ஒரு செட் நகல் வாங்கிவிடுங்கள்.

எலும்பு முறிவுக்கு பிளேட் வைத்திருந்தால், அதன் ஸ்டிக்கர் பொதுவாக ஆபரேஷன் குறிப்பில் ஒட்டியிருக்கும். கேஸ் ஷீட், அதாவது ஆஸ்பத்திரியின் சிகிச்சைப் பதிவு, நகல் கேட்கும்போது அந்தப் பக்கமும் இருக்கிறதா என்று பாருங்கள். பின்னால் பிளேட்டை எடுக்க ஆகும் செலவையும் கேட்கலாம். வைத்தியம் பார்த்த டாக்டரே எழுதிக் கொடுத்த உத்தேச மதிப்பீடு வேண்டும். அவரே சாட்சி சொன்னால் இன்னும் பலம். ஆஸ்பத்திரி பில்லையே பொய் என்று எதிர்த்தரப்பு சொன்னால், பில்லிங் பிரிவிலிருந்து ஒருவரைப் பதிவேட்டோடு வரச் சொல்லி சம்மன் கேட்கலாம்.

பில் கிடைக்காத செலவுகளும் உண்டு: ஆட்டோ, சத்துணவு, பார்த்துக்கொள்ள ஆள். இவற்றுக்கும் இழப்பீடு உண்டு என்று உச்ச நீதிமன்றம் ராஜ்குமார் – அஜய்குமார் வழக்கில் (2010) வகை பிரித்துச் சொல்லியிருக்கிறது. இந்த வழக்குகளை விசாரிக்கும் தீர்ப்பாயம் பெரும்பாலும் ஒரு மொத்தத் தொகையாகக் கொடுக்கும். எத்தனை முறை கட்டு மாற்றப் போனீர்கள், யார் வேலையை விட்டுக் கூட இருந்தார்கள் என்று தேதியோடு ஒரு நோட்டில் எழுதுங்கள். ஃபிசியோதெரபிக்கு ஒவ்வொரு தடவையும் ரசீது கேளுங்கள். ஜிபேயில் கட்டியிருந்தால் வங்கி ஸ்டேட்மென்ட் எடுத்து வையுங்கள்.

கடைசி பில் வரட்டும் என்று மட்டும் காத்திருக்காதீர்கள். விபத்து நடந்து 6 மாதத்துக்குள் மனு போட வேண்டும் என்று 2022 ஏப்ரல் 1 முதல் சட்டத்தில் இருக்கிறது. கையில் இருப்பதை வைத்து மனுவைப் போடுங்கள். அதற்குப் பின் வரும் பில்களை விசாரணையின்போது தாக்கல் செய்துகொள்ளலாம்.