இறந்த அரசு ஊழியரின் பாக்கித் தொகை: வழக்குப் போடும்போது நடக்கும் தவறுகள்

"என் கணவருக்குச் சேர வேண்டிய எல்லாப் பணத்தையும் தர உத்தரவிடவும்" என்று ஒற்றை வரியில் மனு எழுதுவதில்தான் பெரும்பாலான வழக்குகள் சறுக்குகின்றன. 'எல்லாப் பணம்' என்று ஒரு கணக்கு எந்த அலுவலகத்திலும் கிடையாது. தமிழக அரசு ஊழியர் என்றால் பணிக்கொடை, குடும்ப ஓய்வூதியம், பொது வருங்கால வைப்பு நிதி, ஈட்டிய விடுப்புச் சம்பளம் (அதிகபட்சம் 240 நாள்), குடும்பப் பாதுகாப்பு நிதி, ஊதிய நிலுவை எல்லாம் தனித்தனி. 2003 ஏப்ரல் 1 முதல் சேர்ந்தவருக்கு வைப்பு நிதிக்குப் பதில் பங்களிப்பு ஓய்வூதியக் கணக்கு. முதல் மூன்றுக்கும் கோப்பு மாநிலக் கணக்காயர் (ஏ.ஜி.) அலுவலகம் போக வேண்டும். விடுப்புச் சம்பளத்தைத் துறையே ஒப்பளிக்கலாம். துறையை மட்டும் எதிர்மனுதாரர் ஆக்கிவிட்டுக் கணக்காயரை விட்டுவிட்டால், "நாங்கள் எப்போதோ அனுப்பிவிட்டோம்" என்ற ஒரு வரிப் பதிலோடு வழக்கு நின்றுவிடும்.

அதனால் வழக்குக்கு முன்பே பத்து ரூபாய் கட்டணத்தில் தகவல் உரிமை மனு ஒன்று போடுங்கள். பணிப்பதிவேட்டின் விடுப்புக் கணக்குப் பக்கம், வாரிசு நியமனப் (நாமினி) பக்கம், ஓய்வூதியக் கருத்துரு (முன்மொழிவு) அனுப்பிய தேதி, கடித எண் இவற்றைக் கேளுங்கள். பணிப்பதிவேட்டில் 'கே. முருகன்', இறப்புச் சான்றில் 'முருகன் கே', ஆதாரில் 'முருகன் கந்தசாமி' என்று இருந்தால் அங்கேயே கோப்பு திரும்பிவிடும். மூன்றும் ஒருவரே என்பதற்கான ஆதாரத்தை முதலிலேயே சேர்த்துவிடுங்கள்.

இந்த நாமினிப் பக்கம்தான் குடும்பத்தைப் பிளக்கும் பக்கம். வேலைக்குச் சேர்ந்த நாளில் அம்மா பெயரை எழுதியவர், கல்யாணத்துக்குப் பிறகு மாற்றாமலே போயிருப்பார். பெயர் இருப்பதால் முழுத்தொகையும் அம்மாவுக்கே என்று நினைப்பதும் தவறு, மனைவிக்கே என்று நினைப்பதும் தவறு. 2009இல் சிப்ரா சென்குப்தா வழக்கில் இதே நிலைமையில் வைப்பு நிதியைத் தாய்க்கும் மனைவிக்கும் சமமாகப் பிரிக்கச் சொன்னது உச்ச நீதிமன்றம். குடும்ப ஓய்வூதியம் மட்டும் வேறு. அது இறந்தவரின் சொத்தில் சேராது, உயில் எழுதியும் மாற்ற முடியாது என்று 1991இலேயே வயலட் ஐசக் வழக்கில் தீர்ப்பாகிவிட்டது. விதியில் யாருக்கு என்று இருக்கிறதோ அவருக்குத்தான்.

பலர் தாசில்தார் தரும் வாரிசுச் சான்றிதழ் கையில் இருந்தும், வக்கீல்கள் சக்சஷன் சர்டிபிகேட் என்று சொல்லும் நீதிமன்றச் சான்றுக்கு அலைகிறார்கள். வாரிசுகளுக்குள் தகராறு இருந்தாலோ அலுவலகம் எழுத்தில் கேட்டாலோ மட்டும் 1925ஆம் ஆண்டு இந்திய வாரிசுரிமைச் சட்டத்தின்படி மனுப் போடுங்கள். இரண்டாம் மனைவியின் பிள்ளைகளை மறைத்துப் போடும் மனு பிறகு உடையும். அந்தத் திருமணம் செல்லாவிட்டாலும் பிள்ளைகளுக்குப் பங்குண்டு என்பதை 2000ஆம் ஆண்டின் ராமேஸ்வரி தேவி தீர்ப்பு ஏற்றிருக்கிறது.

எந்த நீதிமன்றம் என்பதிலும் கோட்டை விடுகிறார்கள். மாநில அரசு ஊழியரின் குடும்பம் உயர் நீதிமன்றத்தில் நீதிப்பேராணை (ரிட்) மனு போடலாம். தென் மாவட்டங்களுக்கு மதுரைக் கிளை. மத்திய அரசு ஊழியர் என்றால் முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம்தான். உரிமையியல் வழக்கானால் உரிமையியல் நடைமுறைச் சட்டப் பிரிவு 80இன்படி அரசுக்கு முன்கூட்டியே நோட்டீஸ் கொடுத்து இரண்டு மாதம் காத்திருக்க வேண்டும்.

திரும்பத் திரும்ப மனுக் கொடுத்தால் காலக்கெடு நீளும் என்று நம்பாதீர்கள். பழைய கோரிக்கைக்குப் புது மனு உயிர் கொடுக்காது. மாதாமாதம் வர வேண்டிய ஓய்வூதியத்திலும், தாமதமாக வந்தால் வழக்குக்கு முந்தைய மூன்று ஆண்டுப் பாக்கியோடு நிறுத்துவதே வழக்கம். முதல் மனுவிலேயே ஒவ்வொரு தொகையையும் வரிசை எண்ணிட்டு, வட்டியும் கேட்டு, முத்திரை விழுந்த நகலைப் பத்திரப்படுத்துங்கள்.

கருணை அடிப்படை வேலைக் கோரிக்கையை இதே மனுவில் சேர்க்காதீர்கள். அதற்கு இறந்த நாளிலிருந்து மூன்றாண்டுக் கெடு, வேறு விதிகள். சேர்த்தால் பணமும் தாமதமாகும்.

"எட்டு வாரத்துக்குள் மனுவைப் பரிசீலிக்கவும்" என்ற உத்தரவு வந்தால் பணம் வந்துவிட்டதாக எண்ண வேண்டாம். பரிசீலித்து நிராகரிக்கவும் அதில் இடமுண்டு. நிராகரித்தால் அந்த ஆணையை எதிர்த்துப் புது வழக்குதான். அதனால் பணத்தை இந்தக் கெடுவுக்குள் வழங்கச் சொல்லும் கோரிக்கையையே முதன்மையாக வையுங்கள். தீர்ப்பு நகல் கிடைத்ததும் அலுவலகத்தில் சேர்ப்பித்து ஒப்புகை வாங்குங்கள். கெடு முடிந்தும் நிறைவேற்றவில்லை என்றால் நீதிமன்ற அவமதிப்பு மனுவுக்கு ஓராண்டுதான் அவகாசம். அலுவலக வாய்மொழி வாக்குறுதியை நம்பி அந்த ஆண்டைத் தொலைத்த குடும்பங்கள் பல.