கோர்ட்டில் நிற்கிற வியாபார வழக்கை, இரண்டு பேரும் பேசி நடுவரிடம் (ஆர்பிட்ரேட்டர்) கொண்டுபோக என்ன செய்யணும்?

பண்ருட்டி முந்திரி வியாபாரி ஒருவர் கடலூர் பலகாரக் கடைக்கு 320 ரக முழு முந்திரிப் பருப்பு அனுப்பினார், 8 லட்சம் பாக்கி என்று வைத்துக்கொள்வோம். டின்னைத் திறந்து கை விட்டு அள்ளினால் பாதி உடைசல் என்கிறார் வாங்கியவர், ஏற்றும்போது முழுப் பருப்பாகத்தான் இருந்தது என்கிறார் விற்றவர். வழக்குப் போட்டு வாய்தா மேல் வாய்தா ஓடுகிறது. பருப்பு தெரிந்த ஒருவர் உட்கார்ந்தால் சீக்கிரம் முடியக்கூடிய விஷயம் இது.

பில்லில் நடுவர் பற்றி ஒரு வரியும் இல்லையே என்று கவலைப்பட வேண்டாம். சிவில் நடைமுறைச் சட்டம் 89-ஆம் பிரிவின் கீழ் வழக்கு நடக்கும்போதே போகலாம். ஆனால் எல்லாத் தரப்பும் ஒத்துக்கொண்டால்தான் உண்டு, ஒருவர் மாட்டேன் என்றாலும் ஜட்ஜ் தானாக அனுப்ப முடியாது, 2010-லேயே சுப்ரீம் கோர்ட் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. வக்கீல் எழுந்து "சம்மதம்" என்று வாயால் சொல்வதும் போதாது, எழுத்தில் வேண்டும் என்று 2018-இல் இன்னொரு தீர்ப்பு வந்தது. அதனால் இருவரும் சேர்ந்து கோர்ட்டில் கொடுக்கும் கூட்டு மெமோ ஒன்று தயார் செய்து, இரு தரப்பும் நேரில் கையெழுத்துப் போடுங்கள்.

கூட்டு வியாபாரம் என்றால் இங்கேதான் கோட்டை விடுகிறார்கள். பங்குதாரர் ஒருவர் மட்டும் கையெழுத்துப் போட்டு நடுவரிடம் அனுப்ப முடியாது, கூட்டாண்மைச் சட்டம் 19-ஆம் பிரிவு அந்த அதிகாரத்தைத் தானாகத் தருவதில்லை. எல்லாப் பங்குதாரர்களையும் போடச் சொல்லுங்கள். கம்பெனி என்றால் போர்டு தீர்மானம்.

மெமோவில் என்ன எழுதுவது? எந்த வழக்கு, எந்தெந்தப் பிரச்சினை போகிறது, நடுவர் யார், ஃபீஸ் எவ்வளவு, யார் எவ்வளவு கொடுப்பது, இடம் கடலூர்தானா, எந்த மொழியில் நடக்கும், எல்லாம். நடுவர் ஒருவர் போதும் என்பது என் கருத்து, மூன்று பேர் என்றால் ஃபீஸும் மூன்று மடங்கு, 8 லட்சத்துக்கு அது தாங்காது. இரட்டைப்படையில் வைக்கச் சட்டத்தில் இடமில்லை. உங்கள் சொந்தக்காரர், உங்களிடம் வேலை பார்ப்பவர், உங்கள் வக்கீல், இவர்களை எழுதிவிடாதீர்கள், பின்னால் தீர்ப்பே ஆட்டம் காணும். எழுத்து மூலம் ஒத்துக்கொண்டால் விரைவு முறையில் 6 மாதத்தில் முடிக்கலாம், அதையும் சேர்த்துவிடுங்கள். சாதாரண முறையில் வாதப் பிரதிவாத மனுக்கள் முடிந்த பிறகே 12 மாதம் ஓடும்.

அப்புறம், வழக்குப் போட்டவர் கட்டிய கோர்ட் ஃபீஸ். தமிழ்நாடு கோர்ட் ஃபீஸ் சட்டம் 69-ஏ பிரிவின்படி நடுவரிடம் அனுப்பியதுமே அது திரும்பக் கிடைக்கும், தீர்ப்பு வரும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. மெமோவிலேயே அதையும் கேளுங்கள்.

கையெழுத்துக்கு முன் ஒரு ராத்திரி யோசியுங்கள், ஏனென்றால் அனுப்பிய பிறகு வழக்கு கோர்ட்டுக்குத் திரும்பி வராது. நடுவர் சொல்வது கோர்ட் டிக்ரி மாதிரியே நிறைவேற்றப்படும், நடுவர் தீர்ப்புச் சட்டத்தின் (ஆர்பிட்ரேஷன் சட்டம்) 34-ஆம் பிரிவில் எதிர்க்க 3 மாதம்தான் இருக்கிறது, அதிலும் கணக்குத் தப்பு, சாட்சியை நம்பியது தப்பு என்றெல்லாம் அப்பீல் மாதிரி வாதாட முடியாது.

சரி என்று பட்டால் அடுத்த வாய்தாவிலேயே மெமோவைத் தாக்கல் செய்யுங்கள். உத்தரவு வந்த அன்றே சான்று நகலுக்கு மனுப் போட்டு, கையில் வந்ததும் நடுவரிடம் கொண்டுபோய்க் கொடுத்து முதல் அமர்வுக்குத் தேதி வாங்கிவிடுங்கள்.