துவளாத லெட்டூஸ் சாலட்

லெட்டூஸைக் கழுவியதும் அப்படியே கிண்ணத்தில் போட்டுவிடாதீர்கள். இலையில் ஈரம் இருந்தால் டிரெஸ்ஸிங் (மேலே ஊற்றும் எண்ணெய்-எலுமிச்சைக் கலவை) ஒட்டாமல் வழிந்து அடியில் தேங்கிவிடும். பருத்தித் துணியில் பரப்பி, தளர்வாகச் சுருட்டி, அரை மணி நேரம் ஃப்ரிட்ஜில் வையுங்கள். ஈரமெல்லாம் துணிக்குப் போய், கடித்தால் நறுக்கென்று இருக்கும்.

டிரெஸ்ஸிங்குக்கு ஆலிவ் எண்ணெய் 3 டேபிள்ஸ்பூன், எலுமிச்சைச் சாறு 1 டேபிள்ஸ்பூன், தேன் 2 டீஸ்பூன், மஸ்டர்ட் சாஸ் அரை டீஸ்பூன், ஒரு சிட்டிகை உப்பு. இவற்றை மூடியுள்ள சிறிய பாட்டிலில் ஊற்றி, கெட்டியாகும்வரை குலுக்குங்கள். எண்ணெயையும் சாற்றையும் பிரியவிடாமல் பிடித்து வைப்பது மஸ்டர்ட் சாஸில் உள்ள கடுகுதான். அதை மட்டும் விட்டுவிடாதீர்கள்.

பழத்தில் என் தேர்வு ஆப்பிளும் மாதுளையும். ஆப்பிளை நறுக்கியவுடன் எலுமிச்சைச் சாற்றில் புரட்டினால் கறுக்காது. தர்பூசணி வேண்டவே வேண்டாம், நீர் விட்டுக்கொண்டே இருக்கும். வால்நட்டை எண்ணெயில்லாமல் சிறு தீயில் வாசம் வரும்வரை வறுத்து, நன்றாக ஆறிய பிறகே தூவ வேண்டும். சூட்டோடு போட்டால் இலை வாடிவிடும்.

டிரெஸ்ஸிங்கைச் சாப்பிட உட்காரும்போதுதான் ஊற்ற வேண்டும். உப்பு பட்டால் இலை சீக்கிரமே நீர் விட்டுத் தொய்ந்துவிடும்.